இன்றைக்கு நாங்கள் மாலைதீவு

காலை ஐந்தரைக்கு
களஞ்சிய அறை மஸ்ஊத் நானா
மஞ்சள் பெனியன்களை வாசலில் கொட்டுகிறார்.
"மாலைதீவு, ஆளுக்கொண்டு எடுங்க.
ஒண்டு குறைஞ்சாலும் என்ட தலையில."

போன கிழமை நாங்கள் பூட்டான்.
அதற்கு முதல் பத்து நாள் நேபாளம்.
ஒருமுறை மழைக்குள், அரை மணித்தியாலம் மட்டும்,
குவாம்.
குவாம் எந்தக் கடலில் இருக்கிறதென்று
எங்களில் ஒருவருக்கும் தெரியாது.
இடப்பக்கத்தால் வருவார்கள் என்பது தெரியும்.

முதலாம் அணி அடுத்து யாரோடு மோதுமோ
அவர்களாக நாங்கள் இருக்க வேண்டும்.
அவர்களைப்போல உயரப் பந்தடித்து,
அவர்களைப்போல களைத்து,
சரியான நேரத்தில்
அவர்களைப்போல தோற்று.

பகலில் நான் பஞ்சிகாவத்தையில்
உதிரிப்பாகக் கடையில் பில் எழுதுகிறேன்.
எரிந்துபோன வானின் இடப்பக்கக் கதவு
எங்கோ ஓடுகிற ஒரு வானுக்குப் போகும்.
நிறம் பொருந்தாது.
வாங்குகிறவர்கள் அதைப் பார்ப்பதில்லை.

வைகாசியில் சங்கத்திலிருந்து கடிதம்:
உங்களுக்கும் ஒரு சர்வதேச ஆட்டம்,
இரண்டாம் அணிக்கு எதிராக இரண்டாம் அணி,
கொம்பனித்தெரு மைதானம், பிற்பகல் மூன்று மணி,
பதிவேட்டில் சேராது.
என் பெயர் லெம்பேட் என்பதற்குப் பதில்
லாம்பர்ட் என்றிருந்தது.
பேசாலைக்குப் படம் எடுத்து அனுப்பினேன்.
தங்கச்சி கேட்டாள்: யார் இந்த வெள்ளைக்காரன்?

பார்வையாளர் நாற்பத்தொரு பேர்.
கச்சான்காரர் இருவரையும் சேர்த்து.
பேரை வாவியின் மணம் காற்றோடு வந்து வந்து போனது.
கீதம் இருந்த பென்டிரைவ் திறக்கவில்லை.
சரி, வாயால் பாடுங்கள் என்றார் முகாமையாளர்.
றிஸ்மி ஒரு மொழியில் தொடங்கினான்,
நான் மற்றதில்.
மெட்டு ஒன்றுதான்.
சொற்கள் முட்டிக்கொண்ட இடங்களில்
கரையோர ரயில் சத்தம் போட்டுக் காப்பாற்றியது.

முதுகில் வேறொருவனின் பெயர்,
அதன்மேல் கறுப்பு டேப்.
வியர்க்க வியர்க்க டேப் கழன்று
அவனுடைய கடைசி இரண்டெழுத்து வெளியே வந்தது.

நன்றாகத்தான் ஆடினேன்.
எதிரே சிவப்புச் சட்டையில் மெலிந்த ஒருவன்,
வலது காலில் சிறு நொண்டல்.
அவன் எங்கே திரும்புவானென்று
அவனுக்கு முன்பே என் கால் அறிந்திருந்தது.
எழுபதாவது நிமிடம்,
மதிலோரம் நின்ற அவர்களுடைய பொடியன்கள் மூவர்
தங்கள் நாட்டைப் பெயர்சொல்லிக் கூப்பிட்டார்கள்.

நான் திரும்பினேன்.

பழக்கம்.
எத்தனை காலை அந்தப் பெயருக்கு ஓடியிருப்பேன்.
பந்து என் காலுக்கிடையால் போய்
அவனிடம் சேர்ந்து
வலைக்குள் இருந்தது.
றிஸ்மி என்னைப் பார்த்த பார்வையை
இங்கே எழுதப் போவதில்லை.

முடிவில் சட்டை மாற்றிக்கொள்ள அவன் வந்தான்.
முடியாது என்றேன், எண்ணி வாங்குவார்கள்.
எங்களுக்கும் அப்படித்தான் என்றான்.
கொச்சைச் சிங்களம் இருவருக்கும் போதுமாயிருந்தது.
அவனுடைய தாய்க்கு வெள்ளவத்தையில் கண் ஒப்பரேஷன் நடந்த மூன்று மாதத்தில்
கற்றதாம்.
பெயர் ஷிஃபான்.
புல்லில் உட்கார்ந்து கால்மேசைக் கழற்றியபடி சொன்னான்:
"போன ஐப்பசியில் நான் இலங்கை.
மூன்றாம் இலக்கம்.
உண்மையான ஆள் எப்படி, சுகமா?"

முழங்கால் இன்னும் சரியில்லை என்றேன்.

"தெரியும். வீடியோ காட்டி
அதேபோல நொண்டச் சொன்னார்கள்.
ஆறு கிழமை."

அவர்களுடைய பஸ் கேட்டுக்கு வெளியே நின்றது.
அவன் எழுந்து நடந்தான்,
வலது காலைச் சற்றே இழுத்து,
ஆட்டம் முடிந்ததென்று யாரும் சொல்லாதவன்போல,
இன்னும் எங்கள் நாட்டின்
மூன்றாம் இலக்கமாக.