சாயை

வடமொழி நாடக ஏடுகளில் ஒரு வழக்கம்:
அரசன் சமஸ்கிருதம் பேசுவான்.
அரசி, தோழி, படகோட்டி, வாயிற்காவலன்,
அந்தணனே ஆனாலும் விதூஷகன்,
எல்லோருக்கும் பிராகிருதம்.
அதன் அடியில் பதிப்பாசிரியர்
அதையே சமஸ்கிருதத்தில் திருப்பி எழுதிவைப்பார்.
சாயை என்று பெயர். நிழல்.
மாணவர்கள் நிழலைப் படித்துவிட்டு
உடலைத் தாண்டிப் போவார்கள்.
புதுச்சேரியில் ஒன்பது வருடம் நானும் தாண்டினேன்.
தாண்டியதற்குத்தான் டாக்டர் பட்டம்.

இது சென் ஆந்த்ரே. ஆகஸ்ட்.
புவா ரூஜ் ஆலை இரவும் பகலும் கரும்பு மெல்கிறது.
கொடியில் காயும் சேலைகூட இனிப்பாய் நாறுகிறது.
எக்ஸ்பெதி மர்தாயே
கரும்பு லாரியின் முன்பெட்டியில் கைவிட்டு
டயர் ரசீதுகளுக்கு அடியிலிருந்து
ஒரு நோட்டை எடுத்துத் தந்தார்.
பின்னட்டையில் பெருக்கல் வாய்ப்பாடு.
உள்ளே
விடியவிடிய ஆடும் கூத்து ஒன்று,
தமிழில்,
பிரெஞ்சு எழுத்தில்.

லகரம் ஒன்றே ஒன்று.
ளகரம் கப்பலேறவில்லை போலும்.
ழகரம் ஏறியது, எந்தத் துறையில் இறங்கியதோ.
குறிலும் நெடிலும் ஒரே பாயில் படுத்திருந்தன.
அரசன் தமிழில் அழுதான், தேவி தமிழில் சபித்தாள்.
கோமாளி மட்டும் கிரியோலில் பேசினான்.
பக்க ஓரத்தில் வேறொரு மசியில் ஒரு குறிப்பு:
‘இங்கே சனம் சிரிக்கும்.’
நான் சிரிக்கவில்லை.
எழுந்துபோய்த் தண்ணீர் குடித்தேன்.
என் விதூஷகன் இத்தனை காலம் இங்கேதான் இருந்திருக்கிறான்.

முப்பத்தோராம் பக்கம். மாரியம்மன் துதி.
‘அம்மா நீ தந்த’ வரைக்கும் சிக்கலில்லை.
அடுத்து பே, ஆ, எல். மூன்றெழுத்து.
பிறகு ‘அதிலே நான் வளர்ந்தேன்.’

பால் என்றால் பிள்ளைத்தமிழின் சாயல்,
எந்தப் புலவரும் கைதட்டுவார்.
பாழ் என்றால்
காடு வெட்டிக் கரும்பு நட்ட கைகள் தெரிகின்றன.
பக்திப் பாடலில் பாழ் பரவெளியும்தான்,
சொல் ஓய்ந்த பிறகு மிஞ்சும் இடம்.
போதாக்குறைக்கு
இந்தக் கூத்துக்கே இவ்வூரில் ‘பால்’ என்று பெயர்.
பிரெஞ்சில் ஆட்டம்.
அம்மா நீ தந்த ஆட்டம், அதிலே நான் வளர்ந்தேன்.
அதுவும் பொய்யில்லை.

மூன்று வாரம் யாப்பைத் தட்டிப் பார்த்தேன்.
எதுகை பாலுக்குச் சாட்சி சொன்னது,
அடுத்த வரி பாழுக்கு.
மனிதரையே கேட்டேன்: பல்லா, பாலா, பாழா?
மூன்றையும் நாக்கு சுளுக்க உச்சரித்துக் காட்டினேன்.
அவர் திருப்பிச் சொன்னார்: பால். பால். பால்.
மூன்றும் ஒன்றேபோல் இருந்தன.
எது சரி என்றேன்.
‘மி கோனே பா’ என்றார். தெரியாது.
தெரியாது என்பதை இத்தனை நிம்மதியாக
எந்தக் கருத்தரங்கிலும் நான் கேட்டதில்லை.

சனிக்கிழமை, தார்ப்பாய்ப் பந்தல்.
இரண்டு மணிக்கு அந்த வரி வந்தது.
அவர் வலக்கை மார்புவரை ஏந்தி எழுந்தது,
ததும்பும் கிண்ணம்போல்.
பிறகு, அதே சொல்லின் இழுப்பு முடியுமுன்,
மெல்லக் கவிழ்ந்தது.
முன்வரிசையில் ரப்பர் செருப்போடு ஒரு பெண்
கண்ணை மூடிக்கொண்டாள்.
எழுத்தில் இல்லாத வேற்றுமை
கையில் இருந்தது.

இப்போது அச்சுப்படி வந்திருக்கிறது.
‘திருத்திய தமிழ் மூலத்தை மேலே பெரிதாக,
நோட்டு வடிவத்தைக் கீழே சிறிதாக’
என்கிறார் அச்சகத்தார்.
சிவப்பு மையால் அம்புக்குறி போட்டேன்.
மேலிருப்பது கீழே, கீழிருப்பது மேலே.
என் தமிழ்தான் சாயை.
அந்த ஓரிடத்தில் மட்டும்
சாயையை எழுதாமல் ஒரு சொல்லகலம் விட்டிருக்கிறேன்.
அச்சுக்கோப்பவர் விடுபட்டதென்று நினைத்து
எதையாவது நிரப்பிவிடுவார்.
நாளைக் காலை முதல் வேலையாகப்
போன் செய்ய வேண்டும்.