எதிர் வசனம்

பேர்னபியில், எட்டாம் மாடியில்,
குசினிச் சுவரில் நீலப் போர்வை அடித்து
அதன் முன்னால் அவளை நிறுத்துவேன்.
கைபேசி, மா வாளியின் மேல்.
நான் சட்டகத்துக்கு வெளியே, ஃபிரிட்ஜோடு ஒட்டி நின்று
மற்றவர்களின் வசனங்களை வாசிப்பேன்.

இருபத்திரண்டு வருடத்தில்
அவளுடைய மகனாய் இருந்திருக்கிறேன், கொலைகாரனாய்,
மூன்று தரம் நீதிபதியாய்,
ஒருமுறை பேசுகிற நாயாய்.
"உணர்ச்சி வேண்டாம்" என்பாள்,
"அடுத்த தரிப்பிடம் சொல்லுற மாதிரிச் சொல்லு."
அது எனக்கு வரும்.
பத்தொன்பதாம் இலக்க பஸ் ஓட்டுகிறவன்.

முதல் வேலை தொலைக்காட்சியில்: பிணம்.
இரும்பு மேசையில் நாலு மணித்தியாலம்,
மூச்சை மெல்ல மெல்லத் திருடி.
உங்கள் நிறத்தில் செத்தவர்களுக்கு
எந்த நீலம் பூசுவது என்று ஒப்பனைக்காரி கேட்டாளாம்.
அவளுக்குத் தெரியும்.
சொல்லவில்லை.

பிறகு தாதி. தாதி. மொழிபெயர்ப்பாளர். தாதி.
கதவைத் திறந்து
"டொக்டர், அவருக்கு நினைவு திரும்பிவிட்டது" என்று
எத்தனை பேரை எழுப்பிவிட்டாள்.
சுகிர்தமலர் என்ற ஏழு எழுத்தில்
முதல் இரண்டை மட்டும் முகவர் வைத்துக்கொண்டாள்.
அந்த இரண்டிலும் ஒருமுறை எழுத்துப்பிழை.

இந்த நகரமும் அப்படித்தான் பிழைக்கிறது.
ஹேஸ்டிங்ஸ் தெருவில் மஞ்சள் டாக்சி நிறுத்தி,
லொறியில் குப்பை கொண்டுவந்து கொட்டி,
இது நியூயோர்க் என்பார்கள்.
என் பஸ்ஸை அரை மணி மறிப்பார்கள்.
ஸ்டியரிங்கில் நாடியை வைத்துப் பார்த்திருப்பேன்:
எல்லாம் பொய், மழை மட்டும் வன்கூவரின் மழை.
அதுவும் கெமராவில் விழாதாம்.
பின்னால் வெளிச்சம் வைத்தால்தான்
மழை மழையாகத் தெரியும் என்பாள் சுகி.

ஒரு படம் வந்தது. பெரிய படம்.
மகனைச் சுட்டவனின் முன்னால் அவள்.
"உன் மொழியில் ஏதாவது சொல்" என்றான் இயக்குநர்,
"எதுவானாலும் சரி."
கண் நிறைய, தொண்டை நடுங்க, சொன்னாள்:
"அடுப்பை நிப்பாட்டினனியோ?
பருப்பு அடிப்பிடிக்கப் போகுது."
திரையின் அடியில் எழுத்து ஓடியது:
கடவுள் உன்னை மன்னிக்கட்டும்.
தியேட்டர் முழுக்க மூக்குறிஞ்ச
நான் ஒருத்தன் சிரித்தேன்.
முன்வரிசைப் பெண் திரும்பிப் பார்த்த பார்வையில்
நான்தான் சுட்டவன்.

(அன்று பருப்பு அடிப்பிடித்ததும் உண்மை.)

மேடைக்குக் காசில்லை என்றே சொல்லலாம்.
கொமர்ஷல் டிரைவில், சைக்கிள் கடைக்கு மேலே,
அறுபது கதிரை.
ஐம்பத்தேழு வயதில் அங்கே
வெளிச்சவீட்டுக் காவல்காரி ஆனாள்.
எங்கிருந்து வந்தாய் என்று
யாரும் கேட்காத முதல் பாத்திரம்.
ஒரு லாம்பு, ஒரு வானொலி, ஒன்றரை மணித்தியாலம்.

பனி கொட்டிய ஒரு செவ்வாய், பதினொரு பேர்.
வானொலி பேசவேண்டிய இடத்தில் பேசவில்லை.
வயர் எங்கோ கழன்றுவிட்டது.
அவள் கடலைப் பார்த்தபடி நிற்கிறாள்,
கடல் இருக்கவேண்டிய இடத்தில்
மூன்றாம் வரிசையில் நான்.
ஒரு நிமிடம் இருக்கும். யாரோ இருமினார்கள்.
என் வாய் தானாகத் திறந்தது:
"காவல் நிலையம், கேட்கிறதா.
கப்பலில் எவரும் மிஞ்சவில்லை."
அடுத்த தரிப்பிடம் மெயின் தெரு என்கிற அதே குரல்.
"கேட்கிறது" என்றாள்.
அப்படி அவள் வீட்டில் ஒருநாளும் சொன்னதில்லை.
முடியும்வரை நான்தான் வானொலி.

இலவசப் பத்திரிகையொன்றில் நாலு வரி விமர்சனம்.
மூன்று வரி அவளுக்கு.
நாலாவது: வானொலிக் குரலில் உயிரில்லை.
வெட்டி ஃபிரிட்ஜில் ஒட்டியிருக்கிறாள்,
நாலாவது வரியை மட்டும்.

இன்றைக்குப் புதிய பக்கங்கள் வந்திருக்கின்றன.
இந்தமுறை அவள் நீதிபதி.
குற்றவாளிக் கூண்டில் நான், வேலைச் சட்டையோடு.
"கனம் நீதிபதி அவர்களே" என்று தொடங்க
ஃபிரிட்ஜ் இரைகிறது.
திரும்ப எடுக்கவேணும்.
பிளக்கைப் பிடுங்குகிறேன்.
"பால் பழுதாப் போகும், மறக்காமல் பேந்து கொழுவு"
என்கிறாள்,
நீதிபதியின் குரலிலேயே.