மூன்று தெரிந்தால்

வெள்ளிக்கிழமை நாலு மணிக்கே
கேஸ் கட்டுகளைக் கட்டிவிடுவார் நெகேமியா வக்கீல்.
மறுநாள் முழுக்கப் பேனா தொடமாட்டார்.
வானத்தில் மூன்று நட்சத்திரம் தெரிந்த பிறகுதான்
மை, தீக்குச்சி, வழக்கு எல்லாம்.

குன்னூரில் ஆடி மாதம் நட்சத்திரம் ஏது?
எதிர்வீட்டு ஓடே தெரியாது.
கட்சிக்காரர்கள் படியில் கம்பளியோடு உட்கார்ந்திருப்பார்கள்.
கேட்டுச் சொல்லென்று அவர் சொன்னதில்லை,
சொன்னால் அதுவும் வேலை.
நானாகவே மேட்டுப்பாளையம் ஸ்டேஷனுக்குப் போன் போடுவேன்.
"மூணு இருக்கும்மா, நாலாவதும் வருது."
மெஷினில் தாளைச் சொருகி உருளையைத் திருப்புவேன்.
அந்தக் கரகரப்புக்கு உள்ளறைக் கதவு திறக்கும்.

நான் கப்பலில் வந்தவள். பெயர் செங்கமலம்.
மண்டபம் முகாமில் சங்கமம் என்று எழுதிவிட்டார்கள்.
கோத்தகிரியில், கூடலூரில், லயன் லயனாக
இப்படிப் பிழையோடு இறங்கியவர்களின் மனுக்களை
அவர் சொல்லச் சொல்ல அடித்தேன்.
ஒரு வரி இன்னும் விரலில் இருக்கிறது:
'மனுதாரருக்கு வயதாகிறது, அவர் பெயரில் உள்ள பிழைக்கும்.'

எம்.பி. தேர்தலில் நின்றார். சின்னம் ஏணி.
என்ன ஆளுங்க என்று கேட்டார்கள் டீக்கடையில்.
தங்கைகள் ஹைஃபா போய்விட்டார்கள்,
கொச்சியில் ஒரு பெரியப்பா மகன்.
தொகுதியில் சொந்த ஜனத்தின் ஓட்டு ஒன்றே ஒன்று.
அதுவும் விழவில்லை,
வாக்குப்பதிவு சனிக்கிழமை.
அப்படியும் ஜெயித்தார்.

டெல்லியிலிருந்து இன்லண்ட் கடிதம் வந்தது:
'இன்று கோரம் இல்லையென்று மணி அடித்தார்கள்.
ஐம்பத்தைந்து பேர் வேண்டுமாம்.
எங்கள் வழிபாட்டுக்குப் பத்து ஆண்கள் போதும்.
நம் மலையில் முப்பது வருஷமாக ஒன்பது குறைகிறது.
காத்திருக்கப் பழகியவன் நான்.'

பெயர்ப் பிழை திருத்த ஒரு தனிநபர் மசோதா கொண்டுவந்தார்.
அதற்கெல்லாம் வெள்ளிக்கிழமை பிற்பகல்தான் ஒதுக்குவார்களாம்.
டிசம்பர். அவர் முறை வரும்போது
மணி ஐந்தே கால்.
அச்சான நடவடிக்கைக் குறிப்பு
பின்னால் தபாலில் வந்தது. படித்தேன்.
ஐந்து ஐம்பத்திரண்டு வரை மைக்கில் பேசியிருக்கிறார்.
டெல்லியில் அன்று சூரியன் மறைந்தது ஐந்து இருபத்தாறுக்கு,
காலண்டரில் பார்த்துக்கொண்டேன்.

மசோதா தேறவில்லை. நான் இன்னும் சங்கமம்தான்.
அடுத்த தேர்தலில் தோற்றுக் குன்னூருக்கே வந்தார்.
அந்தப் பேச்சைப் பற்றி அவரும் சொல்லவில்லை,
நானும் கேட்கவில்லை.

இப்போதும் சனிக்கிழமை போன் போடுகிறேன்,
மூணு என்கிறார்கள், தாளைச் சொருகுகிறேன்.
கதவு உடனே திறப்பதில்லை.
இருபத்தாறு நிமிஷம் ஆகிறது.