ஒட்டுச் சீட்டு

மணிக்கூட்டுக் கோபுரத்திலிருந்து கூப்பிடு தூரம்,
வலைக் கடைக்கும் சைக்கிள் திருத்துமிடத்துக்கும் நடுவில்
பின்னேரப் பதிப்பகம்.
பலகையில் எழுதியிருப்பது:
சென்ற ஆண்டுகளுக்கும் அச்சிட்டுத் தரப்படும்.

நம்பாதவர்களுக்கு ரிஸ்மியா போத்தல்களைக் காட்டுவாள்.
கன்னியாவில் ஏழு கிணறு,
ஏழுக்கும் ஏழு சூடு.
முதற்கிணற்று நீரில் மை கரைத்தால்
புத்தகம் நேற்றைக்குப் போய்ச் சேரும்.
நாலாவது, ஏழெட்டு வருஷம்.
ஆறாவது, இருபது சொச்சம்.
கை பொறுக்காத ஏழாவது எங்கே கொண்டுபோய் இறக்குமென்று
அவளுக்கே தெரியாது.

மந்திரம் அவ்வளவுதான்.
மற்றதெல்லாம் வழக்கமான தொழில்:
கடதாசி விலை, கச்சேரி முத்திரை,
கடன் சொல்லிப் போன கவிஞர்கள்,
விற்காமல் திரும்பும் கட்டுகள்.
காலம் தாண்டிப் போன புத்தகத்தையும்
காசு கொடுத்து வாங்க ஓர் ஆள் வேண்டுமே.

நான் ஒப்புநோக்குபவள்.
லகரம் ளகரம், ஒற்று மிகுமா மிகாதா,
இதில் என்னை மிஞ்ச ஆளில்லை என்று இருந்தேன்.

அந்த மழைக்கால வேலை சின்னப் பிரசுரம்.
பதினாறு பக்கம், விலை முப்பது ரூபா.
போகவேண்டிய இடம்
இரண்டாயிரத்து நாலு, கார்த்திகை.
எழுதியவர் பெயர் போடவில்லை.
கரையோரம் இருப்பவர்கள்
எந்தக் கிழமை, எத்தனை மணிக்கு,
எந்த மேட்டில் ஏறி நிற்கவேண்டும்
என்பது மட்டும்.
எண்ணூறு பிரதி.

கடலில் ல் சரி.
மேட்டுக்குப் போங்கள், ப் இருக்கிறது.
ஒன்பதாம் பக்கம், நாலாம் வரி,
ஞாயிறு நிற்கவேண்டிய இடத்தில்
செவ்வாய் நின்றது.
எழுத்துப் பிழையே இல்லாத செவ்வாய்.
என் கண் அதைத் தடவிக்கொண்டு போயிற்று.

கட்டு போன பிறகுதான் கண்டேன்.
அனுப்பிய வழி விடியுமுன் சாத்திக்கொள்ளும்.
போத்தலில் மிச்சம் அரை.
அரைப் போத்தலுக்கு அறுபது சீட்டு,
இரண்டு விரல் அகலம்:
செவ்வாய் என்பதை
ஞாயிறு என வாசிக்க.
பசை தடவத் தடவ
சேவல் கூவிவிட்டது.

பிறகு கணக்கு வந்தது.
விற்றவை பதினொன்று.
மீதி, வடைக் கடைகள்.

இன்று காலை
வாசலில் ஒரு புள்ளிமான்
எங்கள் சுவரொட்டியைத் தின்றுகொண்டிருந்தது.
அதைத் தள்ளிக்கொண்டு வந்தார் வஸ்தியாம்பிள்ளை.
அப்போது கடற்கரை, இப்போது பாலையூற்று.
பழுத்த பிரசுரத்தை மேசையில் போட்டார்.

"என்ன பசை பிள்ளை இது?
சீட்டுக் கழண்டு விழுது.
பக்கம் முழுக்கக் கறை.
காசைத் திருப்பித் தாங்கோ."

"அண்டைக்கு ஒட்டியிருந்ததோ, ஐயா?"

"அண்டைக்கு ஒட்டித்தான் இருந்தது.
பிள்ளையளையும் இழுத்துக்கொண்டு
உவர்மலைக்குப் போனது என்னத்துக்கு?
கதை அதில்லை. பசை."

பின்னால் ஹெல்மெற்றோடு நின்றவள்
"முப்பது ரூபாக்கு ஒரு சண்டையே, அப்பா"
என்று சிரித்தாள்.

லாச்சியை இழுத்தேன்.
சில்லறைக்கு அடியில் அந்தப் பட்டியல்.
நேற்றும் வாசித்தேன்,
நாற்பத்தெட்டு: வ. டெல்சியா, வயது ஆறு.
இன்று நாற்பத்தேழை அடுத்து
நாற்பத்தொன்பது.
இடையில் ஒரு வரி அகலத்துக்கு வெள்ளை.

பெயரைக் கேட்க வாய் வரவில்லை.
அவள் நெற்றியில் வியர்வை இருந்தது,
ஹெல்மெற் போட்டவர்களுக்கு வருவது.

முப்பது ரூபாவை
அவர் இரண்டு தரம் எண்ணினார்.
காசு வாங்கினால் புத்தகத்தைத் தந்துவிட்டுப் போகவேண்டும்,
அது எங்கள் விதி.
இரண்டையும் பைக்குள் வைத்துக்கொண்டு இறங்கிப் போனார்.
நான் பேசாமல் இருந்தேன்.

பட்டியலை மறுபடி எண்ணினேன்.
மற்றவை அப்படியே.

உள்ளேயிருந்து ரிஸ்மியா கத்தினாள்:
அடுத்த கட்டுக்குப் பசை
அரிசிக் கூழா, கோதுமை மாவா?