பத்தாவது சுருள்

கே.ஜி. சாவடியில் ஆறரைக் காட்சி,
கொழிஞ்சாம்பாறையில் ஏழேகால்.
ஒரே படம், ஒரே பிரதி.
நடுவே நானும் என் டி.வி.எஸ். ஐம்பதும்
வேலந்தாவளம் செக்போஸ்ட்டும்.

உளவாளிப் படம். மூன்று வாரம் ஓடியது.
முழுசாக நான் பார்த்ததில்லை.
அங்கே ஓடி முடித்ததை இங்கே இறக்கிவிட்டுத்
திரும்பினால் அடுத்தது சூடாகக் காத்திருக்கும்.
எனக்கு மிஞ்சியது
அறுந்து ஒட்டியபோது விழுந்த ஒரு சாண் பிலிம்.
பகலில் அதை வெயிலுக்குப் பிடிப்பேன்.

ஒரு மேசை, ஒரு சீட்டுக்கட்டு, இரண்டு பேர்.
ஒரே தையல்காரன் தைத்த கோட்டு.
ஒரே ஆபீஸில் இருந்தவர்களாம்,
ஒரே வெடி இருவர் கன்னத்தையும் கிழித்ததாம்.
தழும்பு இடதில் என்றால் வில்லன்,
வலதில் என்றால் நம்மாள்.
நான் நம்மாளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.
ஆபரேட்டர் வேலாண்டி எட்டிப் பார்த்துச் சொன்னான்:
"புறத்தைப் புடிச்சிருக்கடா."
திருப்பினேன்.
கன்னம் மாறியது, துப்பாக்கி கை மாறியது,
சிரிப்பு மட்டும் அங்கேயே இருந்தது.

சுருளுக்கு அடியில் பன்னிரண்டு கிலோ
ரேஷன் அரிசி வைத்திருப்பேன்.
அதையும் சொல்லிவிடுகிறேன்.

கடைசி வாரம், அடைமழை.
கார்டு சாத்துண்ணி மூடியைத் திறந்தார்.
கை உள்ளே போனது, நெடுநேரம் வரவில்லை.
"அரியாணோ?"
அவர் பாஷையில் அரி என்றால் அரிசி.
எட்டாம் வகுப்பில் நான் உருப்போட்ட நிகண்டில்
அரி என்றால் பகைவன்.
எதற்கென்று தெரியாமலே
ஆமாம் என்றேன்.

அவரும் பார்க்கவில்லையாம்,
மூன்று வாரமும் ராத்திரி டூட்டி.
சுருளின் நுனியை ஒரு முழம் உருவி
டார்ச் வெளிச்சத்தில் பிடித்தார்.
ஒரு மழைத்துளி கோட்டின் மேல் உருண்டது.
திருப்பிப் பிடித்தார். மறுபடி திருப்பினார்.
"ரெண்டும் ஒராளோ?"
பிறகு தன் சோற்று டப்பாவைத் திறந்து நீட்டினார்.
இரண்டு படி அளந்து போட்டேன்.
தொப்பியைச் சரிசெய்துகொண்டு தடியைத் தூக்கிவிட்டார்.

சாவடியில் அவன் செத்துப் போயாயிற்று,
ஜனம் டீக்கடைக்குப் போயாயிற்று.
கொழிஞ்சாம்பாறையில் வெள்ளைத் திரை, விசில்;
ஓங்கிய துப்பாக்கி இன்னும் இறங்கவில்லை.
இரண்டுக்கும் நடுவே, என் பின்னால்,
சுட்டவனும் சுடப்பட்டவனும்
முதுகும் முகமும் ஒட்டி இறுகச் சுற்றிக் கிடந்தார்கள்
அரிசி மேல்.

போய்ச் சேர்ந்ததும் வேலாண்டி பிடுங்கி மாட்டினான்.
அன்றுதான், சொட்டச் சொட்ட,
பின்கதவில் நின்று பத்தாவது சுருளைப் பார்த்தேன்.
அவசரத்தில் புறம் மாற்றிக் கோத்துவிட்டான்.
கதவில் எழுத்து தலைகீழாய் வலம் இடமாய் ஓடியது.
வசனம் வரவில்லை;
தகரக் கூரையில் கொட்டிய மழையில்
வராததை யாரும் கேட்கவில்லை.

இடது கன்னத்துக்காரன் சுட்டான்.
வலது கன்னத்துக்காரன் மேசைமேல் சாய்ந்தான்,
சீட்டுகள் சிதறின.
கொட்டகை எழுந்து நின்று கைதட்டியது.
நானும் தட்டினேன்.

பிறகு பெட்டியைத் தூக்கினேன்.
இரண்டு படி லேசாக இருந்தது.