ஐந்து புள்ளி

வனிலாப் பூ ஒரு காலைக்கு மட்டும் திறக்கும்.
மதியம் தாண்டினால் வெறும் தொங்கல்.
அதற்குள் எலுமிச்சை முள்ளால்
உள்ளே இருக்கும் மெல்லிய தோலைத் தூக்கி
ஆணைப் பெண்ணோடு கட்டைவிரலால் அழுத்த வேண்டும்.
அதற்கான தேனீ இந்தத் தீவில் இல்லை.

ஜோஸ்லின் ஒரு நாளில் ஆயிரத்து இருநூறு பூ முடிப்பாள்.
நான் எழுநூறு.
சேன்-பிலிப்பில் அவள் கைக்கு அப்படி ஒரு பேர்.

நவம்பரில் ஒரு காலை
முள்ளைப் பிடித்தபடியே நின்றாள்.
"இந்தத் தோல் பூவுக்குள் மட்டும்தான்னு
நினைச்சியா அக்கா?"
மழை வரப்போகிறது, வேலையைப் பார் என்றேன்.
மழை வந்தது. அது வேறு.

பிறகு கதவு நிலையில்,
தொட்டித் தண்ணீரின் மேல்,
தூங்கும் என் பிள்ளையின் இமையில்
முள்நுனியை வைத்து எதையோ நெம்பப் பார்த்தாள்.
இமைக்கு வந்தபோதுதான் நான் கத்தினேன்.
அவள் பார்வையில் கோபமில்லை.
வேலைநேரத்தில் வந்து பேச்சுக் கொடுப்பவளைப்
பார்ப்பதுபோல் பார்த்தாள்.

காய் பச்சையாக இருக்கும்போதே
குண்டூசியால் குறி குத்துவோம்.
திருடன் கொண்டுபோனாலும் தழும்பு காட்டிக்கொடுக்கும்.
எங்கள் குடும்பத்துக்கு ஐந்து புள்ளி.
அவள் வரிசையில் மட்டும் புள்ளிகள் பெருகின.
ஒன்பது. பதினாறு. காம்புவரை.
"நான் குத்தலை. வந்து கிடக்குது.
படிக்கத்தான் நேரம் போதலை."
ராத்திரி டார்ச் லைட்டோடு
தாழை மரங்களுக்கு நடுவே உட்கார்ந்து படித்தாள்.
அந்த வாரம் எரிமலை கக்கியது,
வானம் அடுப்படிச் சுவர்போலச் சிவந்திருந்தது.
பாதிரியார் ஒன்று சொன்னார், பூசாரி ஒன்று சொன்னார்.
இருவருக்கும் காசு கொடுத்தோம்.

முன்கையில் குத்தத் தொடங்கியபோது
மாமா வேனை எடுத்தார்.
சேன்-போல் ஆஸ்பத்திரிவரை வழியெல்லாம் கரும்பு.
ஜன்னல் கண்ணாடியின் விளிம்பை
அவள் விரல் தடவிக்கொண்டே வந்தது,
உரிக்க ஓர் ஓரம் கிடைக்குமா என்று.

ஒன்பது மாதம் ஆயிற்று.
காய் பறித்து, வெந்நீரில் முக்கி,
கம்பளியில் சுற்றி வியர்க்கவைத்தோம்.
கறுத்த காயில் தழும்பு இன்னும் நன்றாகத் தெரியும்.
அவள் காய்க்கட்டை மட்டும் தனியே எடுத்து
வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்த்தேன்.
புள்ளிகள்தான்.
ஒரே ஒரு காயில் மட்டும்
என் பிள்ளையின் பேர்போல...
இல்லை. புள்ளிகள்தான்.

வாங்க வந்த சீனர் கண்ணாடியை ஏற்றிவிட்டுக் கேட்டார்,
இது யார் குறி?
எங்களுடையது, என்றேன்.
முகர்ந்து பார்த்தார்.
முதல் தரம் என்று எழுதிக்கொண்டார்.