பதினேழு புட்டிகள்

வெண்டல் ப்ரூசெக்கின் பற்கள்
ஜாம் புட்டிகளில் இருந்தன.
மூடியில் பிளாஸ்திரி ஒட்டி
நீல மையில் எழுதியிருப்பார்:
பைத்திய டாக்டர். கெட்ட ஷெரீப்.
சதுப்புநிலத்து மாமா.
செவ்வாய்க் கிரகம், தலைமை எழுத்தர்.

பகலில் க்ளெண்டேலில்
பல்செட் செய்யும் கூடத்தில் வேலை.
இருபத்தொன்பது வயதில், சொத்தையே இல்லாத வாயை
ஒன்றுவிடாமல் பிடுங்கச் சொன்னாராம்.
பல் போனால் சொல் போச்சு என்பார்கள்.
இவருக்குப் போன பிறகுதான் வந்தது.
செட்டுக்கு ஒரு குரல்,
குரலுக்கு ஒரு கூன்.

நான் தொடர்ச்சி பார்ப்பவள்.
எந்தக் கன்னத்தில் ரத்தம்,
சிகரெட் எவ்வளவு எரிந்தது,
பிணத்தின் எந்தக் கை மேலே,
எல்லாம் என் குறிப்பேட்டில் இருக்கும்.
மொஹாவி பாலைவனத்தில் நாலு நாளில் ஒரு படம்.
ஆறு நாள் என்றால் காவியம்.

ஒருமுறை, கடித்த சாண்ட்விச் கையிலிருக்க
நடுவில் பல்லை மாற்றிக்கொண்டு வந்துவிட்டார்.
முதல் ஷாட்டில் ஓநாய்க் கடி,
அடுத்ததில் குமாஸ்தாக் கடி.
கத்தினேன்.
"மிருகம் அடங்குகிறது, மிஸ் ஹால்வர்சன்.
அப்படியே எழுதிக்கொள்ளுங்கள்."
எழுதிக்கொண்டேன்.
இருபது வருஷம் கழித்து ஒரு பேராசிரியர்
அந்த சாண்ட்விச்சைப் பற்றி
நாற்பது பக்கம் எழுதினார்.

என் கணக்கில் அவர் செத்தது அறுபத்து மூன்று முறை.
எறும்பு தின்று. குளிர்பெட்டி விழுங்கி.
ஒரு தடவை ரப்பர்க் கணவாய்;
அதற்கு மோட்டார் வாங்கக் காசில்லை,
தன் கழுத்தை நெரித்த கரத்தைத்
தண்ணீருக்கடியில் தானே ஆட்டிக்கொண்டு செத்தார்.
சாவுக்கு முப்பத்தைந்து டாலர்.
மெதுவாகச் செத்தால் ஐந்து கூடுதல்.
மெதுவாகத்தான் செத்தார்.

வசனம் மறந்துபோன அந்த இரவு
எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது.
மணல். எலும்பு. நாலு பக்கமும் வானம்.
வாயில் செவ்வாய்ப் பல்.
ஒரு கணம் விழித்துவிட்டுச் சொன்னார்:
"கதவைச் சாத்துங்கள், நிலா ஒட்டுக்கேட்கிறது."
கதவே கிடையாது.
மறுபடி எடுக்க ஃபிலிமும் கிடையாது.

அதையே பிறகொரு நள்ளிரவுக் காட்சியில்
முந்நூறு பேர் ஒரே குரலில் கத்தினார்கள்.
காகிதத்தில் நிலா வெட்டி எடுத்து வந்திருந்தார்கள்.
கேலியா பக்தியா,
பக்கத்தில் உட்கார்ந்திருந்த எனக்குப் பிரித்தறிய முடியவில்லை.
அவர் எழுந்து போய்
நிஜமாகவே கதவைச் சாத்திவிட்டு வந்தார்.
"பின்னாலிருந்து வெளிச்சம் வருகிறது," என்றார்,
அவ்வளவுதான். பாப்கார்ன் கேட்டார்.
ஈறுகளாலேயே மென்றார்.

போன வியாழன் பர்பாங்கிலிருந்து போன்.
ஈமக்கூடத்து ஆள், டகுச்சி என்று பெயர், ரொம்ப மரியாதை.
"அம்மா, பதினேழு புட்டி இருக்கிறது.
இதில் அவருடையது எது?"

ஒவ்வொன்றாகப் படிக்கச் சொன்னேன்.
வெண்டல் என்று எதிலும் எழுதியிருக்கவில்லை.

குறிப்பேடுகளை இறக்கினேன்.
தூசி, தும்மல், எலி கடித்த ஓரம்.
எழுபத்தொன்று. சால்ட்டன் ஏரிக்கரை.
அவருக்குப் படகோட்டி வேஷம்.
மறுநாள் காலை மூழ்க வேண்டியவர்.
ராத்திரியோடு ராத்திரியாகத் தயாரிப்பாளன்
கேமரா லாரியை ஓட்டிக்கொண்டு போய்விட்டான்.
காட்சி நாற்பத்திரண்டு: எடுக்கவில்லை.
என் கையெழுத்துதான்.
அதற்கு முந்தைய ஷாட்:
படகு நகர்கிறது. வாய் லேசாகத் திறந்திருக்கிறது,
ஏதோ சொல்ல வருகிறார்.

அந்த ஒரு படத்தில்தான் அவர் சாகவில்லை.

"படகோட்டி," என்றேன்.
டகுச்சி மூடியைத் திருகும் சத்தம் கேட்டது.
"தொப்பி இடப்பக்கம் சாய்ந்திருக்க வேண்டும்."
"தொப்பி எதுவும் வரவில்லையே, அம்மா."
"சரி," என்றேன்,
"தலையையாவது கொஞ்சம் சாயுங்கள்."